சந்தேக வரிசையில் ஒரு படிவம்

நான் ஒரு பெண்ணைப் பற்றிப் பொய் சொன்னேன். வாய் தவறியோ கோபத்திலோ வந்த பொய் அல்ல. விழுப்புரத்தில் ஓர் அலுவலக அறையில், மின்விசிறிக்கு நேர் கீழே உட்கார்ந்து, கொடுத்த தண்ணீரைக் குடித்துவிட்டு, நிதானமாகச் சொன்னேன். அதனால் அவருக்கு வேலை போயிற்று. அதைவிடப் பெரிய கெடுதலும் நேர்ந்தது என்பது எனக்குப் பல வருஷம் கழித்துத்தான் தெரிந்தது.

அவர் பெயரை எழுதப்போவதில்லை. எழுதட்டுமா என்று கேட்கும் தைரியம் எனக்கு இல்லை.

பள்ளிக்கூடத்தில் ஆங்கில ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்ற பிறகு, திண்டிவனத்தில் ஒரு தரவுப் பதிவு நிலையத்தில் எனக்கு வேலை கிடைத்தது. கீழே மல்லாட்டை, அதாவது நிலக்கடலை மண்டி, மாடியில் முப்பது கம்ப்யூட்டர்கள். மண்டியில் காய் உடைக்கும் நாட்களில் தூசி மேலேறி மாடி முழுக்கத் தும்மும். முதலாளி விழுப்புரத்தில் இருந்தார். வெளிநாட்டுக் காகிதங்கள் படமாக எங்கள் திரைக்கு வரும். அவற்றில் கையால் எழுதியிருப்பதைப் பார்த்துத் தட்டச்சிட்டு அனுப்ப வேண்டும்.

அவற்றில் பெரிய வேலை, மாசி பங்குனியில் வருவது, அமெரிக்காவில் மலைப்பாங்கான ஒரு மாநிலத்தின் வேட்டை மனுக்கள். அங்கே மலையாட்டையும் பெரிய கொம்புமானையும் நினைத்தவர் நினைத்தபடி சுட முடியாது. இந்த மலைக்கு இத்தனை பேர்தான் என்று அரசு கணக்கு வைத்திருக்கிறது. கேட்பவர்கள் அதைப்போலப் பல மடங்கு. ஆகவே குலுக்கல். குலுக்கலில் விழாதவருக்கு வருஷத்துக்கு ஒரு புள்ளி சேரும். புள்ளி சேரச் சேர வாய்ப்பு கூடும். அனுமதி கிடைத்துவிட்டால் சேர்த்ததெல்லாம் பூஜ்யமாகிவிடும், மறுபடி முதலிலிருந்து. ஒவ்வொரு மலைக்கும் மூன்று இலக்க எண் உண்டு. கம்ப்யூட்டரில் விண்ணப்பிக்கத் தெரியாத, விருப்பமில்லாத கிழவர்கள் அந்த எண்ணைத் தாளில் எழுதித் தபாலில் அனுப்புவார்கள். அது எங்கள் மண்டி மாடிக்கு வந்து சேரும்.

வேலைமுறை இதுதான். கையெழுத்தை மென்பொருள் முதலில் தானாகப் படித்து ஓர் எண்ணைப் போட்டுவைக்கும். பதிவாளர் அதைப் படத்தோடு ஒப்பிட்டுத் திருத்துவார். எண் விளங்காவிட்டால், தன் கருத்தைக் குறிப்பாக எழுதி அந்தப் படிவத்தைச் ‘சந்தேக வரிசை’க்கு அனுப்புவார். அந்த வரிசை என் மேஜைக்கு வரும். நான் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்து முடிவு செய்ய வேண்டும். நான் சரி என்று தேற்றிவிட்டால் அதற்கு மேல் பார்க்க ஆளில்லை.

அந்த அம்மா மேல்சித்தாமூர் பக்கத்தில் ஒரு சிற்றூரிலிருந்து பஸ்ஸில் வருவார். தமிழ்ச் சமணக் குடும்பம், கணவர் சொந்த நிலத்தில் கேப்பையும் மல்லாட்டையும் போடுகிறவர், ஒரே மகள் ஒன்பதாம் வகுப்பு. வயது நாற்பதைத் தாண்டியிருக்கும். முழுக்கை ரவிக்கை, எண்ணெய் வைத்து இறுக்கிய கொண்டை. மாடியில் எல்லோருக்கும் அவர் அக்கா. எனக்கு மட்டும் ‘அம்மா’.

உயிர்க்கொலை ஆகாத வீட்டுப் பெண் வேட்டைக்காரர்களின் மனுவைத் தட்டச்சிடுவது மாடியில் நிரந்தர வேடிக்கை. மரக்காணம் பக்கத்துக் கடலோரப் பெண் செல்வி அவருக்கு அடுத்த நாற்காலி.

“அக்கா, ஒரு நம்பர மாத்திப் போட்டீங்கன்னா ஒரு ஆடு பொழச்சிக்கும். உங்களுக்குப் புண்ணியம். எங்களுக்கு டீ.”

அவர் திரையிலிருந்து கண்ணை எடுக்கமாட்டார். “அங்க நூறு பேருக்குன்னா நூறு பேருக்குத்தான் செல்வி. நான் இவனத் தள்ளிவிட்டா அடுத்தவன் வந்து நிப்பான். ஆடு எப்படியும் சாவும். பொய் மட்டும் என்னோடதா நிக்கும்.”

“அப்ப எங்கூட்டுக்காரரு மீன் புடிக்கவும் நீங்களே லைசென்ஸ் போட்டுக் குடுப்பீங்க போல.”

“ஃபாரம் கொண்டா. தப்பில்லாம போட்டுத் தரேன்.”

மாடி சிரித்தது. நானும் சிரித்தேன். அந்தப் பதிலை என் காதால் கேட்டேன் என்பதை இங்கே குறித்துவைக்கிறேன்.

அவரிடம் இருந்தது அந்த ஒரே குணம்தான். தாளில் இருப்பதை எழுதுவார், இல்லாததை எழுதமாட்டார். கேட்க எளிதாக இருக்கிறது. பக்கத்தில் இருந்து பார்த்தால் அது அவ்வளவு எளிதல்ல, அவருக்கும் சரி, மற்றவர்களுக்கும் சரி.

எங்கள் ஷிப்ட் மதியம் இரண்டு மணிக்குத் தொடங்கும். வருகைப் பதிவேட்டில் எல்லோரும் இரண்டு மணி என்றே எழுதுவார்கள். இவர் பஸ் தாமதமானால் இரண்டு நாலு என்று எழுதுவார். அவருக்குப் பின்னால் வந்தவன் இரண்டு மணி என்று எழுத முடியாமல் முழிப்பான்.

“நாலு நிமிஷந்தானக்கா. உங்களால எங்க எல்லாருக்கும் பேஜாரு.”

“நீ மேல எழுதிக்கோ. நான் கடைசியா எழுதிக்கறேன்.” அன்றிலிருந்து எல்லோரும் எழுதும்வரை நின்று, கடைசியில் தன் நிமிஷத்தை எழுதினார். அதற்காக நின்ற நேரத்தைக் கழித்துக்கொள்ளவும் இல்லை.

இன்னொன்று. ஒரு கணவனும் மனைவியும் வருஷாவருஷம் சேர்ந்து மனுப் போடுகிறவர்கள். அந்த வருஷம் கணவர் தன் தாளின் ஓரத்தில், மனைவி ஜனவரிக் கடைசியில் காலமாகிவிட்டாள், அவள் பெயரை எடுத்துவிடுங்கள் என்று சின்ன எழுத்தில் எழுதியிருந்தார். தாளின் ஓரத்துக்கு எங்கள் திரையில் கட்டம் கிடையாது.

“சார், இத எங்க போடறது?”

“ஓரத்துல எழுதறது நம்ம வேலை இல்லம்மா. விட்டுடுங்க.”

“எழுதியிருக்காரே சார்.”

மறுநாளும் வந்து நின்றார். அதற்கு மறுநாளும். குரல் உயராது, முகம் சுருங்காது, நிற்பார், அவ்வளவுதான். எனக்கு எரிச்சலாக இருந்தது. கடைசியில் விழுப்புரத்துக்கு ஒரு மின்னஞ்சல் எழுதி, அவர்கள் அமெரிக்காவுக்கு எழுதினார்கள். நன்றி சொல்லிப் பதில் வந்தது. அதைப் படித்துக் காட்டலாம் என்று கூப்பிட்டேன். “பேர எடுத்துட்டாங்களா சார்?” என்று மட்டும் கேட்டுவிட்டுத் தன் இடத்துக்குப் போய்விட்டார்.

இப்போது நான் செய்ததற்கு வருகிறேன்.

மனு அனுப்புகிறவர்களில் ஒரு கிழவரை அந்த அம்மா ‘பென்சில் தாத்தா’ என்பார். பென்சிலால் தாள் குழியும்படி அழுத்தி எழுதுகிறவர். பத்தொன்பது புள்ளி சேர்த்திருந்தார். ஒவ்வொரு வருஷமும் ஒரே மலையைக் கேட்டார், 217. அவர் எழுதும் ஒன்றுக்கு மேலே ஒரு கொக்கி இருக்கும். அவசரத்தில் பார்த்தால் ஏழு. மென்பொருள் அதை 277 என்று படித்தது. 277 எங்கோ தெற்கில் வறண்ட பகுதி, கேட்பவர் குறைவு. மனுப் போட்டாலே அநேகமாகக் கிடைத்துவிடும்.

அந்த வருஷத்து மனுக்களை அனுப்பக் கடைசி நாள் அது. ஆறு மணிக்கு எல்லாம் போய்ச் சேர வேண்டும். விழுப்புரத்தில் மைத்துனர் மகளுக்கு நிச்சயதார்த்தம். நான் ஐந்து மணிக்காவது கிளம்பினால்தான் தலை காட்ட முடியும். சந்தேக வரிசையில் நூற்றுக்கு மேல் கிடந்தது. நாலேகால் இருக்கும். அந்த அம்மா எழுந்து என் மேஜைக்கு வந்தார்.

“சார், பென்சில் தாத்தா ஃபாரம் சந்தேகத்துல போட்டிருக்கேன். அது ஒன்னு சார், ஏழு இல்ல. அவரு போன் நம்பர்லயும் அதே மாதிரி ஒன்னு இருக்குது. பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பாருங்க.”

“பாக்கறேம்மா.”

பார்க்கவில்லை. முதல் நாற்பதைப் படம் பார்த்துத் தேற்றினேன். மீதியை, மென்பொருள் போட்டிருந்த எண்ணோடு அப்படியே, மொத்தமாகத் தேற்றிவிட்டு பஸ் ஏறினேன். நிச்சயதார்த்தத்தில் முதல் பந்தியில் உட்கார்ந்தேன்.

இரண்டு மாதம் கழித்து அமெரிக்காவிலிருந்து புகார் வந்தது. கிழவருக்கு அவர் கேட்காத இடத்தில் அனுமதி விழுந்து, பத்தொன்பது புள்ளியும் பூஜ்யமாகியிருந்தது. அவர் எழுதிய கடிதத்தின் படத்தையும் சேர்த்து அனுப்பியிருந்தார்கள். பென்சில்தான். தனக்கு எழுபத்தெட்டு வயது, இன்னொரு பத்தொன்பது வருஷம் தன்னிடம் இல்லை என்று எழுதியிருந்தார்.

முதலாளி என்னை விழுப்புரத்துக்குக் கூப்பிட்டார். என்னைவிடப் பாதி வயது, மரியாதை தெரிந்தவர்.

“சார், இது சந்தேகத்துல உங்களுக்கு வந்துச்சா?”

தேற்றியவுடன் குறிப்புகள் அழிந்துவிடும். மிச்சமிருப்பது கடைசி எண்ணும், பதிவிட்டவரின் எண்ணும். அதாவது அந்த அம்மாவின் எண். அது எனக்கும் தெரியும், முதலாளிக்கும் தெரியும்.

“வரல” என்றேன்.

“அந்தம்மா தப்பே பண்ணமாட்டாங்களே சார். நீங்கதான சொல்லுவீங்க.”

அப்போதுதான் தண்ணீரைக் குடித்தேன். “சமண வீட்டுப் பெண். உயிரக் கொல்றது அவங்களுக்கு ஆகாது. இந்த வேலையில மனசு எந்த நேரம் எப்படி இருக்கும்னு சொல்ல முடியாதில்ல.”

“வேணும்னே பண்ணியிருப்பாங்கன்றீங்களா?”

“நான் அப்படிச் சொல்லல.”

அப்படித்தான் சொன்னேன். முதலாளியின் முகத்தில் சட்டென்று ஒரு தெளிவு வந்தது. “அப்ப நம்ம முறையில தப்பில்ல, ஆளுகிட்டதான் தப்பு. அங்க அப்படியே எழுதிடலாம்” என்றார். சரிபார்க்கும் முறையே ஓட்டை என்றால் ஒப்பந்தம் போய்விடும். ஓர் ஆள் மனச்சாட்சியால் தடுமாறினாள் என்றால் போகாது. முப்பது பேர் பிழைப்பு என்று என்னை நானே பின்னால் சமாதானம் செய்துகொண்டேன். அது உண்மையல்ல. முப்பத்தைந்து வருஷம் பிள்ளைகளின் பிழைக்குச் சிவப்பு மையால் வட்டம் போட்டவன் நான். என் பிழைக்கு ஒருவர் வட்டம் போடுவதை என்னால் தாங்க முடியவில்லை. காரணம் அவ்வளவுதான்.

இரண்டு நாள் கழித்து முதலாளி திண்டிவனம் வந்தார். மாடியில், எல்லோர் முன்னாலும், நல்ல விதமாகத்தான் பேசினார்.

“மனசு கேக்கல, அதனால மாத்திட்டேன், இனிமே செய்யமாட்டேன்னு ஒரு வரி எழுதிக் குடுத்துடுங்கம்மா. உங்களப் புரிஞ்சிக்கறேன். ஆஸ்பத்திரி பில்லு டைப் அடிக்கற பக்கம் மாத்திடறேன். வேலைக்கு ஒன்னும் ஆவாது.”

அந்த அம்மா என்னைப் பார்த்தார். “சார், நான் சந்தேகத்துல போட்டேனே. எழுந்து வந்து சொன்னேனே.”

“கடைசி நாள் எல்லாரும்தாம்மா வந்து சொன்னாங்க. எனக்கு நெனப்பு இல்ல.”

பக்கத்து நாற்காலியில் செல்வி குனிந்து கீபோர்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்கும் வேலை வேண்டும்.

“எழுதிடுங்கம்மா” என்றேன் நான். “ஒரு வரிதான.”

“செய்யாதத எப்படி சார் எழுதறது?”

 அவர் டிபன் பாக்ஸைப் பையில் வைத்தார். பதிவேட்டைத் திருப்பி, வெளியேறும் நேரத்தை, சுவர்க் கடிகாரத்தைப் பார்த்து மூன்று இருபத்திரண்டு என்று எழுதினார். படியில் இறங்கும் சத்தம் கேட்டது. மண்டியில் காய் உடைக்கும் இயந்திரம் ஓடிக்கொண்டிருந்ததால் சீக்கிரம் கேட்காமல் போனது.

வேட்டை மனு வேலை மேலும் இரண்டு வருஷம் எங்களிடம் இருந்தது. பிறகு அந்த மாநிலம் காகிதத்தையே நிறுத்திவிட்டது. நிலையம் மூடப்பட்டது. நான் வீட்டோடு இருந்தேன்.

ஐந்தாறு வருஷம் கழித்து ஒருநாள் திண்டிவனம் பஸ் நிலையத்தில் செல்வியைப் பார்த்தேன். மரக்காணத்தில் செல்போன் கடை வைத்திருக்கிறாள். பேச்சோடு பேச்சாகச் சொன்னாள்:

“அக்காவ ஊர்ல கொண்டாடறாங்களாம் சார். முதலாளி சொன்னது ஊர் வரைக்கும் போயி, அஹிம்சைக்காக வேலையத் தூக்கிப் போட்டுட்டு வந்தவங்கன்னு. கோயில்ல சால்வ போட்டாங்களாம். அக்கா மட்டும் நான் மாத்தல, நான் மாத்தலன்னு சொல்லிக்கினே கிறாங்களாம். யாரு நம்பறா? அடக்கமா சொல்றாங்கன்றாங்க.”

பிறகு என் முகத்தைப் பார்த்துக் கேட்டாள். “உங்களுக்கு நெஜமாவே நெனப்பு இல்லியா சார்?”

“இருக்கு செல்வி.”

“எனக்கும் இருக்குது” என்றாள். அவள் பஸ் வந்துவிட்டது.

வீட்டுக்கு வந்து யோசித்தபோது முதலில் வந்தது நிம்மதி. என் பொய் அவருக்கு நல்ல பெயர் வாங்கிக் கொடுத்திருக்கிறதே என்று நினைத்தேன். அந்த நினைப்பிலேயே இரண்டு வருஷம் ஓட்டினேன். ஆனால் அவர் எப்படிப்பட்டவர் என்று எனக்குத் தெரியும். பதிவேட்டில் நாலு நிமிஷத்தை விடாதவருக்கு, செய்யாத ஒன்றுக்குச் சால்வை போர்த்தியிருக்கிறார்கள். அதை அவர் தினமும் சுமந்துகொண்டு கோயிலுக்குப் போய் வருகிறார். ஒரு கட்டத்துக்கு மேல் என்னால் ஓட்ட முடியவில்லை.

முதலில் விழுப்புரம் போய் முதலாளியிடம் சொன்னேன். அவர் இப்போது வேறு தொழில். “விடுங்க சார், இப்ப யாருக்கு என்ன?” என்று டீ வரவழைத்தார். அந்த மாநிலத்து வேட்டைத் துறைக்கும் எழுதினேன். பழைய பதிவுகள் இல்லை, தனிநபர் விவரம் தர இயலாது என்று பதில் வந்தது. கிழவர் இருந்தால் தொண்ணூறை நெருங்கியிருப்பார்.

பிறகு அந்த அம்மாவின் ஊருக்குப் போனேன். களத்தில் மல்லாட்டை காயவைத்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் துடைப்பத்தை ஓரமாக வைத்தார். சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். நடந்ததையெல்லாம் நான் எழுதி வைத்திருந்த கடிதத்தை நீட்டினேன். நின்றபடியே படித்தார். ஓர் இடத்தில் விரலை வைத்தார்.

“வேலை நெருக்கடியில் அப்படிச் சொல்லிவிட்டேன்னு போட்டிருக்கீங்க. யாரு சார் நெருக்கினாங்க?”

“யாரும் இல்லம்மா.”

“அப்ப அது வேணாமே.”

பேனா வாங்கி அந்த வரியை அடித்தேன். மேலும் படித்தார்.

“இங்க ஊர்ல சொல்லணும் சார். என்கிட்ட சொல்லி என்ன? எனக்குத்தான் தெரியுமே. ஞாயித்துக்கிழம பூசை முடிஞ்சு எல்லாரும் இருப்பாங்க. வர்றீங்களா?”

மன்னித்தேன் என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை போனேன். அந்த ஊர்ச் சின்னக் கோயில் மண்டபத்தில் இருபது பேர் இருக்கும். எழுந்து நின்று படித்தேன்.  கடைசி வரிவரை படித்து முடித்தேன். எதிரே உட்கார்ந்திருந்த பெரியவர் ஒருவர் என்னைப் பார்க்கவே இல்லை. அவர் அந்த அம்மாவைத்தான் பார்த்தார்.

“அப்ப நீ ஒன்னும் மாத்தலியா?”

“இல்லீங்க பெரியப்பா. அப்பவேர்ந்து சொல்லிக்கினுதான இருக்கேன்.”

“அத்தன வருஷமும் வேட்டக்காரனுங்களுக்குத் தப்பில்லாம வேல பாத்துக் குடுத்தியா?”

 ஏதாவது சொல்ல வாயெடுத்தேன். அந்த அம்மா முந்திக்கொண்டார்.

“ஆமாங்க. தப்பில்லாமதான் பாத்தேன்.”

பெரியவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். அவரைத் தொடர்ந்து இரண்டு பேர், பிறகு நாலு பேர்.  பஸ் வரும்வரை அந்த அம்மாவின் கணவர் என்னோடு வந்து நின்றார். மழையைப் பற்றி மட்டும் பேசினார்.

மூன்று வாரம் கழித்து ஒரு போன். புதுச்சேரியில் நர்ஸாக இருக்கிறேன் என்று சொல்லி, தான் அந்த அம்மாவின் மகள் என்றாள்.

“எதுக்கு சார் வந்தீங்க? கோயில்ல பிள்ளைங்களுக்குப் பாடம் சொல்லிக்குடுக்கறது அம்மாதான். இனிமே வேணாம்னுட்டாங்க. ரெண்டு வீட்ல பேசறதில்ல. அப்போ அம்மாவோட வேலையப் புடுங்கினீங்க. இப்போ இது. நீங்க போய்ச் சேர்றதுக்குள்ள உங்க மனசு லேசாவணும், அதானே?”

அவள் சொன்னதில் தவறு ஒன்றும் இல்லை.  “அம்மா எப்படி இருக்காங்க?” என்று கேட்டேன்.

அந்தப் பக்கம் ஒரு கதவு சாத்தும் சத்தம் கேட்டது. 

“தூங்கறாங்க சார்” என்றாள்.  “இத்தன வருஷம் ரா முழுக்க எழுந்து எழுந்து ஒக்காருவாங்க. இப்ப படுத்தா விடியறவரைக்கும் தூங்கறாங்க. அதனாலதான் உங்களத் திட்டக்கூட முடியல.”

போனை வைத்துவிட்டாள்.